கதையின் முடிவு எங்கே பிறக்கிறது?



கதை கேட்பவருக்கும் படிப்பவருக்கும் ஓர் எல்லை உண்டு. கதையின் முடிவு ஆசிரியர் கையில் இருக்கின்றது. அது நமக்கு இனிப்பினும் கசப்பினும் ஏற்றுக்கொள்வதன்றி வேறு வழி இல்லை. நாடகம் பார்ப்பவர் நிலையும் அதுவே. மேடையில் நிற்பவனுக்கு நேரவிருக்கும் தீங்கை நாம் முன்னரே அறிந்திருந்தாலும், எழுந்து சென்று அவன் கையைப் பற்றித் தடுக்க இயலாது.

இந்த எல்லையைக் கடக்க முயலும் கதைவடிவம் ஒன்று கணினியோடு கூடப் பிறந்து வளர்ந்திருக்கின்றது. அதனைப் பாத்திரமேற்று ஆடும் விளையாட்டு என்று கூறலாம். இதில் ஆடுபவர் கதையின் தலைவனாகவோ தலைவியாகவோ நின்று, யாரிடம் என்ன பேசுவது, எவருக்கு உதவுவது, எதை மறுப்பது என்பவற்றைத் தாமே தீர்மானிக்கின்றார். அத்தீர்மானங்களுக்கு ஏற்பக் கதை கிளைவிட்டுச் செல்கின்றது. ஒருவர் காணும் முடிவை மற்றொருவர் காணாமலே போகலாம். 1995ஆம் ஆண்டில் யப்பானிய நிறுவனமாகிய ஸ்குவெயர் வெளியிட்ட குரோனோ டிரிகர் என்னும் விளையாட்டிலே பத்துக்கு மேற்பட்ட முடிவுகள் இருந்தன. கதையை ஒருமுறை முடித்தவர், தாம் ஈட்டிய வலிமையோடு மீண்டும் முதலிலிருந்து தொடங்கலாம். இறுதிப் பகைவனைக் கதையின் எக்கட்டத்திற் சென்று எதிர்க்கின்றாரோ அதற்கேற்ப வேறு வேறு முடிவுகளைக் காண்பார்.

முடிவுகள் பல இருக்கின்றன என்பது பெரிய வியப்பன்று. ஒரு முடிவு எவ்விடத்தில் தீர்மானிக்கப்படுகின்றது என்பதே நாம் ஆராயத்தக்கது. இதனை விளக்குவதற்குத் தி விட்சர் 3 என்னும் போலந்து நாட்டு விளையாட்டை எடுத்துக்கொள்வோம்.

போலந்தின் எழுத்தாளர் ஆந்திரே சப்கோவ்ஸ்கி 1986ஆம் ஆண்டில் ஒரு சஞ்சிகையில் எழுதிய சிறுகதையிலிருந்து இக்கதையுலகம் தோன்றியது. கூலிக்குக் கொடிய பூதங்களை வேட்டையாடும் கெரால்ட் என்பவனே அதன் தலைவன். அவனைப் போன்றவர்களுக்கு விட்சர் என்று பெயர். வார்சோ நகரிலுள்ள சிடி புரொஜெக்ட் என்னும் நிறுவனத்தார் அக்கதைகளைத் தழுவி 2007, 2011 ஆகிய ஆண்டுகளில் இரு விளையாட்டுகளையும், 2015 மே 19இல் மூன்றாவதனையும் வெளியிட்டனர். மூன்றாவது விளையாட்டு மட்டும் 2023ஆம் ஆண்டளவில் ஐந்து கோடிப் பிரதிகளுக்கு மேல் விற்பனையாயிற்று. அதன் முதன்மைக் கதையை மாத்திரம் ஆடி முடிக்க ஏறத்தாழ ஐம்பது மணி நேரம் வேண்டும். சிறு வேறுபாடுகளையும் சேர்த்து முப்பத்தாறு முடிவுநிலைகள் அதில் உண்டென்று அதனை ஆக்கியோர் அறிவித்தனர். எனினும் தலையாய முடிவுகள் மூன்றே.

கதையின் சாரம் இதுதான். கெரால்டுக்குச் சிரில்லா என்றொரு வளர்ப்பு மகள் இருக்கின்றாள். அவளைப் பெற்ற தந்தையோ நில்ப்கார்ட் பேரரசின் சக்கரவர்த்தியாகிய எம்ஹிர். உலகுகளைக் கடந்து செல்லும் அரிய ஆற்றல் அவள் குருதியில் இருத்தலால், வேற்றுலகப் படையொன்று அவளைத் துரத்துகின்றது. வளர்த்த தந்தை மகளைத் தேடி அலைவது கதையின் முற்பாதி. கண்டபின் அவளைக் காப்பது பிற்பாதி. இறுதியில், எல்லா உலகங்களையும் உறையச் செய்யவல்ல வெண்பனி ஊழி ஒன்றை எதிர்க்க அவள் தன்னந்தனியே செல்கின்றாள். கெரால்ட் உடன் செல்லவில்லை. வாளேந்திய தந்தையால் அவ்வேளையில் ஆகக்கூடியது ஒன்றுமில்லை.

அவள் மீள்வாளா, மாட்டாளா? இக்கேள்விக்கு விடை அந்த வாயிலருகே தீர்மானிக்கப்படுவதில்லை. அதற்கு முன்னரே, போரோடு தொடர்பற்ற ஐந்து சிறு தருணங்களில் தீர்மானிக்கப்பட்டுவிடுகின்றது.

முதலாவது தருணம் துக்கத்தில் நிகழ்வது. இருவருக்கும் ஆசானாக விளங்கிய முதியவர் வெசெமிர் போரிலே மாண்டுபோகின்றார். தன்பொருட்டே அவர் மாண்டார் என்று சிரில்லா சோர்ந்திருக்கின்றாள். கெரால்ட் இரண்டில் ஒன்றைச் செய்யலாம். எல்லாவற்றிலும் நீ சிறந்தவளாக இருக்க வேண்டியதில்லை என்று ஆறுதல் கூறி அவளோடு அமர்ந்து மது அருந்தலாம். அல்லது வெளியே அழைத்துச் சென்று, சிறுபிள்ளைகளைப் போலப் பனிக்கட்டி உருண்டைகளை எறிந்து விளையாடலாம்.

இரண்டாவது, அவளைச் சக்கரவர்த்தியிடம் அழைத்துச் செல்வது பற்றியது. செல்லாமல் விடவும் கூடும். சென்றால், மகளைக் கண்டுபிடித்துத் தந்ததற்கான பொன்னைச் சக்கரவர்த்தி அளிக்க முன்வருகின்றார். அதனைப் பெறுவதா மறுப்பதா என்பதே சோதனை.

மூன்றாவது, சூனியக்காரிகளின் சபை சிரில்லாவைப் பேச அழைப்பது. தந்தையும் உள்ளே செல்லலாம். அல்லது, நீயே பேசிவிட்டு வா என்று வெளியே நிற்கலாம்.

நான்காவது, அவளுக்குக் குருவாயிருந்த அவல்லாக் என்பவரின் ஆய்வுகூடத்தில் நிகழ்வது. தன் குலவழி முழுவதும் அங்கே ஓர் ஆராய்ச்சிப் பொருளாகக் குறிக்கப்பட்டிருப்பதைக் கண்டு அவள் வெகுண்டெழுகின்றாள். அமைதி கொள் என்று அடக்கலாம். அன்றி, அவள் சினத்துக்கு வழிவிட்டு, அக்கூடத்தை உடைத்துத் தீர்க்க இடங்கொடுக்கலாம்.

ஐந்தாவது, ஒரு சமாதி. முன்னொருகால் அவளுக்கு உதவிய இளைஞன் ஒருவனை அவன் ஊரார் கோழை என்று தூற்றினர். உரிய மரியாதையின்றி அவன் மடிந்தான். அவன் புதைகுழிக்குச் சென்றுவர விரும்புகின்றாள். நேரமில்லை என்று கூறலாம். உடன் செல்லவும் செய்யலாம்.

பனி விளையாட்டு, பொன்னை மறுத்தல், சபைக்குத் தனியே அனுப்புதல், சினத்துக்கு இடமளித்தல், சமாதிக்கு உடன் செல்லுதல் ஆகிய ஐந்தும் அவளுக்கு உரம் தருவன. இவற்றுள் மூன்றேனும் அமைந்தால் அவள் மீண்டு வருகின்றாள். மூன்றோ அதற்கு மேலோ பிழைத்தால் மீள்வதில்லை. ஊழியின் வாயிலில் அவள் அடியெடுத்து வைக்கும்போது அத்தருணங்கள் நினைவுகளாகத் திரையில் மின்னி மறைகின்றன. அப்பொழுதுதான் ஆடுபவருக்கு, தம்முடைய சொற்கள் அவள் உள்ளத்தில் எவ்வாறு தங்கியிருந்தன என்பது புலப்படுகின்றது.

மீண்டவளுக்கு இரு வாழ்வுகள் திறந்திருக்கின்றன. ஒன்று, கெரால்டைப் போலத் தானும் வேட்டைத்தொழில் மேற்கொள்வது. அம்முடிவில் கெரால்ட், அவள் இறந்துவிட்டாள் என்று சக்கரவர்த்தியிடம் கூறிவிட்டு, அவளுக்கென வடித்த வெள்ளிவாளை ஒரு சிற்றூர் விடுதியிலே கையளிக்கின்றான். மற்றொன்று, அவள் பேரரசியாக முடிசூடுவது. இதற்கு வேறு நிபந்தனைகளும் உண்டு. முன்னர் அவளைச் சக்கரவர்த்தியிடம் அழைத்துச் சென்றிருக்க வேண்டும். போரில் நில்ப்கார்ட் வென்றிருக்கவும் வேண்டும். அவ்வெற்றியோ, வடநாட்டு மன்னன் ராடோவிட்டைக் கொல்லும் சதியில் கெரால்ட் பங்குகொண்டு, அதன் இறுதியில் டைக்ஸ்ட்ராவைக் கைவிட்டு ரோஷ் என்பவனின் பக்கம் நிற்பதால் வருவது. அச்சதிக்கு வழிசெய்யும் துணைப்பணிகளை மூடுபனித் தீவுக்குப் புறப்படுமுன் முடியாதவர்க்கு அவ்வாயில் அடைபட்டுவிடும். ஆதலால் எல்லா முடிவுகளையும் காண விழைவோர் இரண்டு இடங்களில் ஆட்டநிலையைத் தனியே சேமித்து வைத்தல் நன்று: தீவுக்குப் புறப்படும் முன்னர் ஒன்று, வெசெமிர் இறந்த போர் முடிந்தவுடன் மற்றொன்று. பின்னதிலிருந்து ஐந்து தருணங்களையும் மாற்றி ஆடிப் பார்க்கலாம். முன்னது இன்றேல் பேரரசின் போக்கை மாற்ற இயலாது.

மூன்றாம் முடிவு துயரமானது. எஞ்சிய சூனியக்கிழவி ஒருத்தியைச் சதுப்பு நிலத்தில் கொன்று, அவள் வைத்திருந்த பதக்கத்தை மீட்ட கெரால்ட், பூதங்கள் சூழ்ந்து வர, அதனைக் கையில் ஏந்தியவாறு அமர்ந்திருக்கின்றான். மகளுக்கு என்ன ஆயிற்று என்று எவரும் கூறுவதில்லை.

இது எவ்வாறு இயங்குகின்றது என்பதும் அறியத்தக்கது. கணினி நம் உள்ளத்தை அறிவதில்லை. ஒவ்வொரு தருணத்திலும் எந்த விடை தெரிவு செய்யப்பட்டது என்பதைக் குறித்து வைத்து, பின்னர் அக்குறிப்புகளைக் கூட்டிப் பார்க்கின்றது, அவ்வளவே. நுட்பம் கணக்கில் அன்று, காலத்தாழ்வில் இருக்கின்றது. விளைவு உடனே தோன்றுமாயின், சேமித்த இடத்துக்குத் திரும்பி மறுவிடையைத் தெரிவு செய்துவிடலாம். பல மணி நேரம் கழித்து விளைவு தோன்றும்போது, எச்சொல்லால் இது வந்தது என்று அறிவதே அரிதாகின்றது. இத்தருணங்களில், இது முக்கியமானது என்ற எச்சரிக்கையும் தரப்படுவதில்லை.

இவ்விளையாட்டின் எல்லாத் தீர்மானங்களும் நன்று, தீது என்று பிரிக்கக்கூடியவையும் அல்ல. வெலென் என்னும் நாட்டுப்புறத்தில் மரத்தடியிற் சிறைப்பட்ட ஆவி ஒன்று விடுதலை கேட்கின்றது. அதனை விடுவித்தால் அநாதைக் குழந்தைகள் பிழைக்கின்றார்கள். ஆனால் ஒரு கிராமம் அழிகின்றது. அந்நாட்டுப்புறத்துத் தலைவனின் மனைவி சாபத்தால் உருமாறி இறக்க, அவனும் தூக்கிட்டு மடிகின்றான். ஆவியைக் கொன்றால் அப்பெண் சித்தம் கலங்கியேனும் உயிரோடிருப்பாள், குழந்தைகளோ அழிந்துபோவார்கள். இங்கே நல்ல முடிவு என்று ஒன்று இல்லை. எந்த இழப்பை ஏற்பது என்ற கேள்வியே உண்டு.

இனி, சிரில்லாவின் ஐந்து தருணங்களைக் குறித்து ஒரு மறுப்பு எழலாம். துயருற்ற பெண்ணுக்கு ஆறுதல் கூறுவது குற்றமா? சபைக்குத் துணையாகச் செல்வது அன்பல்லவா? ஆடியோரிற் பலர் அன்பு மிகுதியால் இவ்விடைகளைத் தெரிவு செய்து, பின்னர் துயர முடிவைக் கண்டு திகைத்தனர். பிள்ளைகளோடு நாளும் பழகும் ஆசிரியன் என்ற முறையில், இம்மறுப்பை நான் எளிதில் தள்ளிவிட மாட்டேன். எனினும் ஐந்தையும் ஒருங்கே வைத்துப் பார்த்தால் ஒன்று தெளிவாகும். சபையில் அவளைத் தனியே விடுவது சரி; சமாதியில் உடன் செல்வது சரி. ஆகவே, தனியே விடு என்பதோ துணை நில் என்பதோ பொது விதியாகாது. அவள் தானே பேச வேண்டிய இடத்தில் விலகி நிற்கவும், அவள் துயரப்படும் இடத்தில் அருகில் நிற்கவும் அறிந்த பெரியோரின் அன்பே உரம் தருகின்றது. நீ சிறந்தவளாக இருக்க வேண்டியதில்லை என்ற சொல் இனிமையாகத் தோன்றினும், அவளுடைய ஆற்றலில் நம்பிக்கையின்மையையும் உள்ளே பொதிந்திருக்கின்றது.

குறை ஒன்று இருக்கவே செய்கின்றது. ஐந்தும் ஒரே எடையுடையன என்று விளையாட்டுக் கணக்கிடுகின்றது. மகளைத் தந்ததற்குப் பொன் வாங்குவதும், ஒரு சபைக்குக் கூடச் செல்வதும் ஒரே அளவான பிழை என்று எந்தத் தாயும் ஒப்பமாட்டாள். மற்றும், சரியான விடைகளின் பட்டியலை எங்கேனும் பெற்று அதன்படி அழுத்திச் செல்பவர் நன்முடிவைத் தவறாமற் காண்பார். ஆயின் பரீட்சையில் அடுத்தவர் விடையைப் பார்த்து எழுதிய மாணவன் பெற்ற புள்ளியைப் போன்றதே அது. எனவே முதன்முறை எவர் துணையும் இன்றி ஆடி, தமக்கு வாய்த்த முடிவை ஏற்று, ஏன் அவ்வாறாயிற்று என்று எண்ணிப் பார்த்த பின்னரே சேமித்த இடங்களுக்குத் திரும்புதல் தக்கது.

பெற்றோர்க்கு ஒரு குறிப்பு. வன்செயலும் முதிர்ந்தோர்க்குரிய காட்சிகளும் நிறைந்தமையால், இவ்விளையாட்டு பதினெட்டு வயது நிரம்பியவர்க்கே உரியதென ஐரோப்பியத் தரப்படுத்தும் அமைப்பு வகுத்துள்ளது. சிறுவர் கையில் இதனைக் கொடுத்தல் ஆகாது. வளர்ந்த மக்கள் இதனை ஆடுவாராயின், வீண்பொழுது என்று கடிந்துகொள்வதோடு நின்றுவிடாமல், உனக்கு எந்த முடிவு வாய்த்தது என்று ஒருகால் கேட்டுப் பாருங்கள். அவர்கள் கூறும் விடையிலிருந்து, பெரியோரிடம் அவர்கள் எதிர்பார்ப்பது துணையா, விலகி நிற்றலா என்பதும் உங்களுக்கு விளங்கக்கூடும்.