திலகவதியார் காட்டிய உடன்பிறப்பு நெறி

பெற்றோர் மறைந்த வீட்டில் கணவரை இழந்த தமக்கையும் மணமாகாத தம்பியும் சேர்ந்து வாழ்வதை இன்று பல ஊர்களில் காண்கிறோம். வேலையின் பொருட்டுப் பெருநகரில் ஒரே வாடகை வீட்டில் தங்கும் அண்ணன் தங்கையரும் உண்டு. இளமையில் ஒரே தட்டில் உண்டவர்களுக்குள், வளர்ந்தபின் மின்கட்டணமும் சமையலறையும் பூசலை விளைவிக்கின்றன. அப்பூசல் முற்றும்போது, 'அன்று நீ என்ன செய்தாய்?' என்ற பழங்கணக்கும் வெளிவருகிறது.

அத்தகைய கணக்கை மனத்தில் வைக்காதவர் திலகவதியார். சேக்கிழார் பெருமான் பெரியபுராணத்தில் அவர் வரலாற்றை விரித்துரைக்கிறார். திருவாமூரில் பெற்றோர் மறைந்தனர். மணம் பேசப்பட்டிருந்த கலிப்பகையாரும் போரில் உயிர்துறந்தார். தாமும் உயிர்விடத் துணிந்த அம்மையார், தம்பி மருள்நீக்கியாருக்காகவே உயிர் தாங்கினார். அத்தம்பியோ அவரைப் பிரிந்து சமணம் சார்ந்து, தருமசேனர் என்று புகழ்பெற்றார். தமக்கையார் திருவதிகை வீரட்டானத்தில் திருத்தொண்டு செய்து, தம்பிக்காக இறைவனை வேண்டி வந்தார்.

கொடிய சூலைநோய் பற்றியபோது தருமசேனர் தமக்கைக்கு ஆளனுப்பினார். 'அங்கு நான் வாரேன்' என்று அம்மையார் மறுத்துவிட்டார். கொள்கையில் உறுதி இருந்தது. அன்பின் கதவு மட்டும் அடைபடவில்லை. இரவோடு இரவாகத் தம்பி வந்து அடியில் வீழ்ந்தார். அப்போது அவர் பழையதைக் கிளறவில்லை. திருநீறு அளித்து, விடியுமுன் அலகும் தோண்டியும் ஏந்தித் திருக்கோயிலுக்கு உடன் அழைத்துச் சென்றார். அங்கே 'கூற்றாயினவாறு' என்னும் பதிகம் பிறந்தது; நாவுக்கரசர் நமக்குக் கிடைத்தார்.

உடன்பிறந்தாரோடு ஒரே வீட்டில் வாழ்வோருக்கு இதில் மூன்று பாடங்கள் உள்ளன. தமக்கு இயலாததை இயலாது என்று தெளிவாகச் சொல்லிவிடலாம். உள்ளுக்குள் வைத்துப் புழுங்க வேண்டுவதில்லை. வருந்தி வந்தவரிடம் பழையதைப் பேசலாகாது. நாள்தோறும் ஒரு பணியையேனும் சேர்ந்து செய்ய வேண்டும். மாலையில் விளக்கேற்றிச் சேர்ந்து அமர்ந்தாலும் போதும். வீட்டுச் செலவை மாதந்தோறும் ஏட்டில் எழுதித் தீர்த்துக்கொள்ளலாம். மனக்கணக்கைத் தொடங்காதிருப்பதே நலம்.

பண்ருட்டியை அடுத்த திருவதிகைத் திருக்கோயிலில் அப்பருக்கும் திலகவதியாருக்கும் சந்நிதிகள் உள்ளன. மனத்தாங்கலால் பேசாதிருக்கும் உடன்பிறப்புகள் ஒருமுறை அங்கே சேர்ந்து சென்று வரலாம். அதற்கு யாரேனும் ஒருவர் முதலில் அழைக்க வேண்டும். அந்த ஒருவர் நாமாகவே இருப்போம்.