ரூ.30 லட்சம் வீட்டுக்கடனுக்கு திருப்பிக் கட்டுவது ரூ.62 லட்சம்! மாதத் தவணையை மட்டும் பார்த்து கையெழுத்து போடாதீங்க

சென்னை,

வீட்டைக் கட்டிப்பார், கல்யாணம் பண்ணிப்பார் என்று பெரியவர்கள் சொல்வார்கள். இந்தக் காலத்தில் அதோடு 'வீட்டுக்கடன் கட்டிப்பார்' என்பதையும் சேர்த்துக்கொள்ளலாம்.

தாம்பரத்தை தாண்டி கூடுவாஞ்சேரி, மறைமலைநகர் பக்கம் போனாலும் சரி, ஆவடி, திருநின்றவூர் பக்கம் போனாலும் சரி, ரோட்டோரம் முழுக்க வீட்டு விளம்பர பலகைகள்தான். "வாடகை கொடுக்கிற காசுல சொந்த வீடு" என்று ஆசை காட்டுகிறார்கள்.

வீடு பார்க்கப் போனால் ஏஜெண்டு கேட்கும் முதல் கேள்வியே, "சார், மாசம் 26 ஆயிரம் கட்ட முடியுமா?" என்பதுதான். முடியும் என்று தலையாட்டினால் போதும், மற்ற வேலை எல்லாம் மளமளவென்று நடந்துவிடும்.

இந்த 26 ஆயிரத்தை எத்தனை வருடம் கட்டவேண்டும், மொத்தம் எவ்வளவு ஆகும், நடுவில் வட்டி ஏறினால் என்ன ஆகும் என்று யாரும் சொல்வதில்லை. நாமும் கேட்பதில்லை. கேட்டிருந்தால் பல லட்சம் மிச்சமாகி இருக்கும். அந்த கணக்கை இங்கே பார்ப்போம்.

36 லட்ச ரூபாய் வீடு, கையை விட்டு போவது 72 லட்சம்

புறநகரில் ஒருவர் 36 லட்ச ரூபாய்க்கு தனி வீடு வாங்குகிறார் என்று வைத்துக்கொள்வோம். கையில் இருந்து 6 லட்சம் போடுகிறார். பாக்கி 30 லட்சத்துக்கு 20 வருட கடன். வட்டி 8.5 சதவீதம்.

மாதத் தவணை 26 ஆயிரத்து 35 ரூபாய். மொத்தம் 240 தவணை. பெருக்கிப் பார்த்தால் 62 லட்சத்து 48 ஆயிரம் ரூபாய் வருகிறது. வாங்கியது 30 லட்சம். வட்டி மட்டும் 32 லட்சத்து 48 ஆயிரம். அசலை விட வட்டி அதிகம்.

பத்திரப்பதிவு செலவுக்கு பொதுவாக வங்கி கடன் தராது. தமிழ்நாட்டில் 2023 ஏப்ரல் முதல் தனி வீடு, மனை கிரயத்துக்கு முத்திரைத்தீர்வை 7 சதவீதம், பதிவு கட்டணம் 2 சதவீதம், ஆக 9 சதவீதம். 36 லட்சத்துக்கு 3 லட்சத்து 24 ஆயிரம் ரூபாய்.

முன்பணம், பதிவு செலவு, தவணை எல்லாம் கூட்டினால் 71 லட்சத்து 72 ஆயிரம் ரூபாய். அதாவது, 36 லட்ச ரூபாய் வீட்டுக்கு ஏறக்குறைய இரண்டு வீட்டு காசு போகிறது.

கட்டுன காசு எங்கே போச்சு?

"5 வருஷமா கட்டுறேன், கடன் குறையவே மாட்டேங்குதே" என்று புலம்பாத ஆள் இல்லை. வங்கி ஏமாற்றவில்லை. கணக்கே அப்படித்தான்.

ஒவ்வொரு மாதமும் பாக்கி இருக்கும் அசலுக்கு வட்டி எடுத்துக்கொண்டு, மிச்சத்தைத்தான் அசலில் கழிப்பார்கள். முதல் மாதம் 30 லட்சத்துக்கு வட்டி 21 ஆயிரத்து 250 ரூபாய். நீங்கள் கட்டிய 26 ஆயிரத்து 35-ல் இது போக, அசலில் கழிவது வெறும் 4 ஆயிரத்து 785 ரூபாய்.

முதல் வருடம் முழுக்க 3 லட்சத்து 12 ஆயிரம் கட்டுகிறீர்கள். அசல் குறைவது சுமார் 59 ஆயிரத்து 700 ரூபாய்தான்.

5 வருட முடிவில் 15 லட்சத்து 62 ஆயிரம் கட்டியிருப்பீர்கள். அசலில் குறைந்தது 3 லட்சத்து 56 ஆயிரம். பாக்கி 26 லட்சத்து 44 ஆயிரம்.

10 வருட முடிவில் 31 லட்சத்துக்கு மேல் கட்டியிருப்பீர்கள். அதாவது வாங்கிய கடனை விட அதிகம். அப்படியும் பாக்கி சுமார் 21 லட்சம் நிற்கும். அசலில் பாதி குறைவதற்கே 13 வருடம் 10 மாதம் ஆகிறது.

இதனால்தான் 4, 5 வருடத்தில் வேலை மாற்றம், குடும்பக் கஷ்டம் என்று வீட்டை விற்பவர்கள், கடனை அடைத்த பிறகு கையில் நிற்கும் பணத்தைப் பார்த்து அதிர்ந்து போகிறார்கள்.

வருஷத்தை இழுத்தால்...

தவணை அதிகமாக இருக்கிறதே என்று தயங்கினால், "வருஷத்தை கூட்டிக்கலாம் சார்" என்பார்கள். அதே 30 லட்சம், அதே 8.5 சதவீத வட்டிக்கு கணக்கு இப்படி போகிறது.

15 வருடம்: தவணை ரூ.29,542. மொத்த வட்டி ரூ.23 லட்சத்து 18 ஆயிரம்.

20 வருடம்: தவணை ரூ.26,035. மொத்த வட்டி ரூ.32 லட்சத்து 48 ஆயிரம்.

25 வருடம்: தவணை ரூ.24,157. மொத்த வட்டி ரூ.42 லட்சத்து 47 ஆயிரம்.

30 வருடம்: தவணை ரூ.23,067. மொத்த வட்டி ரூ.53 லட்சத்து 4 ஆயிரம்.

20 வருடத்தை 30 ஆக்கினால் மாதம் மிச்சம் 3 ஆயிரத்துக்கும் குறைவு. அதற்காக கூடுதலாக கொடுக்கும் வட்டி 20 லட்சத்துக்கும் மேல். மாறாக, மாதம் மூவாயிரத்து ஐநூறு ரூபாய் கூட கட்டி 15 வருடத்தில் முடித்தால் 9 லட்சம் மிச்சம்.

சத்தம் இல்லாமல் நீளும் கடன்

இதைவிட பெரிய ஆபத்து வட்டி ஏற்றம். 2019 அக்டோபர் முதல் வங்கிகள் கொடுக்கும் புதிய மாறும் வட்டி வீட்டுக்கடன்கள், ரிசர்வ் வங்கியின் ரெப்போ வட்டி போன்ற வெளி அளவுகோலோடு இணைக்கப்பட்டு உள்ளன. ரெப்போ ஏறினால் உங்கள் வட்டியும் ஏறும்.

2022 மே மாதம் 4 சதவீதமாக இருந்த ரெப்போ, 6 முறை உயர்த்தப்பட்டு 2023 பிப்ரவரியில் 6.5 சதவீதம் ஆனது. 2021-ல் மலிவு வட்டி என்று கடன் வாங்கியவர்கள் இதில் நன்றாக மாட்டிக்கொண்டார்கள்.

6.7 சதவீதத்தில் 30 லட்சம் வாங்கியவருக்கு 20 வருட தவணை 22 ஆயிரத்து 722 ரூபாய். ஒரு வருடம் கட்டி முடித்த நேரத்தில் வட்டி 9.2 சதவீதம் ஆகிறது என்று வையுங்கள். நிஜத்தில் படிப்படியாகத்தான் ஏறியது. புரிவதற்காக ஒரே மூச்சில் ஏறியதாக கணக்கு போடுவோம்.

அப்போது அவரது பாக்கி 29 லட்சத்து 26 ஆயிரம். அதற்கு ஒரு மாத வட்டியே சுமார் 22 ஆயிரத்து 430 ரூபாய். தவணையை மாற்றாமல் விட்டால் அசலில் கழிவது மாதம் 290 ரூபாய்தான்! ஒரு சினிமா டிக்கெட், பாப்கார்ன் காசு கூட இல்லை. இந்த வேகத்தில் போனால் பாக்கி இருக்கும் 19 வருடம், 47 வருடத்தையும் தாண்டிவிடும்.

அவ்வளவு தூரம் இழுக்க வங்கி விடாது. 19 வருடத்திலேயே முடிக்கவேண்டும் என்றால் தவணை 27 ஆயிரத்து 200 ஆகும். மாதம் நாலாயிரத்து ஐநூறு ரூபாய் கூடுதல்.

தவணை ஏறினால் வீட்டில் எல்லோருக்கும் தெரியும். வருடம் ஏறினால் யாருக்கும் தெரியாது. சம்பளக் கணக்கில் அதே தொகைதான் பிடிப்பார்கள். 40 வயதில் கடன் வாங்கி 60 வயதில் ஓய்வு பெறும்போது முடிந்துவிடும் என்று நினைத்தவருக்கு, ஓய்வுக்குப் பிறகும் தவணை நிற்கும். பி.எப். பணத்தை கொண்டுபோய் கொட்டவேண்டியதுதான்.

கேட்கிற உரிமை இருக்கு

இந்த பிரச்சினைக்காகவே ரிசர்வ் வங்கி 2023 ஆகஸ்டு மாதம் ஒரு உத்தரவு போட்டது. வட்டி மாறும்போது தவணையை கூட்டுவதா, வருடத்தை நீட்டுவதா, இரண்டையும் கொஞ்சம் கொஞ்சம் செய்வதா என்பதை கடன் வாங்கியவரிடம் கேட்கவேண்டும். மாத வட்டிக்கே தவணை போதாமல் கடன் வளர்ந்துகொண்டே போகும் நிலை வரக்கூடாது.

இதுவரை வசூலித்த அசல் எவ்வளவு, வட்டி எவ்வளவு, இன்னும் எத்தனை தவணை பாக்கி என்று 3 மாதத்துக்கு ஒருமுறை விவரமும் தரவேண்டும். அந்த தாளை வாங்கி 'பாக்கி தவணை' என்ற இடத்தை முதலில் பாருங்கள்.

2025-ல் ரெப்போ வட்டி மறுபடி குறைக்கப்பட்டது. வட்டி ஏறியபோது நீண்ட உங்கள் கடன், குறைந்தபோது சுருங்கியதா என்று கேளுங்கள். 2019-க்கு முன் பழைய முறையில் வாங்கிய கடன் என்றால், ரெப்போ முறைக்கு மாற்றித்தர என்ன கட்டணம் என்றும் விசாரிக்கலாம்.

ஓசைப்படாமல் சேரும் செலவுகள்

கடன் பரிசீலனை கட்டணம், அதற்கு ஜி.எஸ்.டி., வக்கீல் பார்வை, மதிப்பீட்டாளர் கட்டணம், பத்திரத்தை வங்கியில் ஒப்படைப்பதற்கான எம்.ஓ.டி. பதிவு என்று வரிசையாக வரும்.

இதில் கவனிக்கவேண்டியது இன்சூரன்ஸ். பிரீமியம் 75 ஆயிரம் ரூபாயை கடனிலேயே சேர்த்துவிட்டால், 20 வருடத்தில் அது 1 லட்சத்து 56 ஆயிரம் ஆகிவிடும். குடும்பத்துக்கு பாதுகாப்பு நிச்சயம் வேண்டும். ஆனால் அந்த வங்கி காட்டும் பாலிசியைத்தான் எடுக்கவேண்டும் என்று கட்டாயம் இல்லை. வெளியில் டெர்ம் பாலிசி விலையையும் விசாரியுங்கள்.

"வரி மிச்சம் சார்" என்பதையும் அப்படியே நம்பிவிடாதீர்கள். குடியிருக்கும் வீட்டின் கடன் வட்டிக்கு வருடம் 2 லட்சம் வரை கழிவு என்பது பழைய வரி முறையில்தான். இப்போது தானாக அமலாகும் புதிய முறையில் அந்த சலுகை கிடையாது. நீங்கள் எந்த முறை என்று முதலில் பாருங்கள்.

சீக்கிரம் கட்டினால் என்ன லாபம்?

மாறும் வட்டியில் தனிநபர் வாங்கிய வீட்டுக்கடனை முன்கூட்டியே அடைத்தால் வங்கிகள் அபராதம் வசூலிக்கக்கூடாது என்று 2012-லேயே ரிசர்வ் வங்கி சொல்லிவிட்டது. பலருக்கு இது தெரியாது.

நமது 20 வருட கணக்கில், முதல் வருட முடிவில் போனஸ், சீட்டுப்பணம் என்று 1 லட்சம் ரூபாயை அசலில் கட்டினால் 18 மாத தவணை குறைகிறது. போட்ட 1 லட்சம் போக மிச்சம் சுமார் 3 லட்சத்து 70 ஆயிரம். அதே 1 லட்சத்தை 15-வது வருட முடிவில் கட்டினால் மிச்சம் சுமார் 50 ஆயிரம்தான். ஆக, கட்டுவதை ஆரம்பத்திலேயே கட்டவேண்டும்.

மொத்தமாக முடியாதவர்கள் வருடத்துக்கு ஒரு தவணை மட்டும் கூடுதலாக கட்டலாம். 20 வருட கடன் 16 வருடம் 8 மாதத்தில் முடிந்துவிடும். 6 லட்சத்துக்கு மேல் மிச்சம். கட்டும்போது "தவணையை குறைக்க வேண்டாம், வருஷத்தை குறைங்க" என்று எழுதிக் கொடுப்பது முக்கியம்.

அதற்காக கையில் உள்ள மொத்த காசையும் கடனில் போட்டுவிடக்கூடாது. ஆஸ்பத்திரி செலவு, வேலை இழப்பு என்றால் சமாளிக்க 6 மாத தவணை பணமாவது தனியாக இருக்கவேண்டும். தவணை 90 நாட்களுக்கு மேல் நின்றால் வாராக்கடன் கணக்கில் சேர்ப்பார்கள். 60 நாள் நோட்டீசு, வீடு கைப்பற்றுதல், பேப்பரில் ஏல விளம்பரம் என்று போய்விடும்.

அப்போ கடனே வேண்டாமா?

அப்படி இல்லை. வாடகை வீட்டில் இருந்தாலும் காசு போகத்தான் செய்யும். வாடகையும் வருடா வருடம் ஏறும். விலைவாசி ஏற ஏற, 15 வருடம் கழித்து 26 ஆயிரம் என்பது இன்றைய அளவுக்கு பாரமாகவும் இருக்காது. கடன் முடிந்தால் வீடு நமக்கு.

ஆனால் 'வாடகை காசில் சொந்த வீடு' என்பது மட்டும் சரியில்லை. முதல் வருடம் வங்கிக்கு போகும் வட்டியே மாதம் 21 ஆயிரம். அதே வீட்டுக்கு வாடகை 10 ஆயிரம் என்றால், மீதி 11 ஆயிரம் சொந்த வீடு என்ற நிம்மதிக்கு நாம் கொடுக்கும் விலை. தெரிந்து கொடுத்தால் தப்பில்லை.

கையெழுத்துக்கு முன் 5 கேள்வி

கடைசி தவணை வரை மொத்தம் எவ்வளவு கட்டுவேன்?

வட்டி 2 சதவீதம் ஏறினால் தவணை எவ்வளவு, வருடம் எவ்வளவு?

கடன் முடியும்போது எனக்கு வயது என்ன?

எல்லா கட்டணமும் சேர்த்து வருட வட்டி எத்தனை சதவீதம்? (2024 அக்டோபர் முதல் இதை 'முக்கிய விவர அறிக்கை'யில் எழுதித் தரவேண்டும்.)

கடனில் என்னென்ன இன்சூரன்ஸ் சேர்த்திருக்கிறீர்கள்?

இதற்கு பதிலை வாயால் சொன்னால் போதாது. தாளில் வாங்கிக்கொண்டு வீட்டுக்கு வந்து, குடும்பத்தோடு உட்கார்ந்து ஒருமுறை பெருக்கிப் பார்த்துவிட்டு மறுநாள் போய் கையெழுத்து போடுங்கள். கடன் முடிந்த 30 நாளுக்குள் அசல் பத்திரத்தை திருப்பித் தரவேண்டும், வங்கி தரப்பில் தாமதமானால் நாள் ஒன்றுக்கு 5 ஆயிரம் ரூபாய் இழப்பீடு என்ற விதி 2023 டிசம்பர் முதல் அமலில் உள்ளது. அதையும் ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள்.