அடாப்டர் வாங்கும் முன் லேபிளைப் பாருங்கள்

பிள்ளைகள் படிக்கும் லேப்டாப்பின் அடாப்டர் பழுதானால், வீட்டில் கிடக்கும் வேறொன்றை, பின் பொருந்துகிறதே என்று செருகிவிடாதீர்கள். உருண்டைப் பின் ஒன்றுபோல் இருந்தாலும் உள்ளே வரும் மின்சாரம் வேறாக இருக்கும்.

வீட்டின் 230 வோல்ட் ஏசி மின்சாரத்தைக் குறைத்து, டிசியாக மாற்றித் தருவதே அடாப்டரின் வேலை. அதன் லேபிளில் ‘அவுட்புட்’ வரியில் மூன்றைக் கவனியுங்கள்:

வோல்ட்: பழையதற்குச் சமமாக இருக்க வேண்டும். 12 வோல்ட் வைஃபை மோடத்துக்கு 19 வோல்ட் கொடுத்தால் கருகிவிடலாம்.

ஆம்பியர்: சமமாகவோ கூடுதலாகவோ இருக்கலாம். குறைந்தால் அடாப்டர் சூடேறும்.

பிளஸ், மைனஸ் படம்: அப்படியே ஒத்திருக்க வேண்டும்.

எழுத்து அழிந்திருந்தால், லேப்டாப்பின் அடிப்பக்கத்திலும் இவ்விவரம் பெரும்பாலும் இருக்கும். சந்தேகமானால் பழைய அடாப்டரையும் லேப்டாப்பையும் கடைக்கே கொண்டு செல்லுங்கள். சில நூறு ரூபாய்க்காகப் பிள்ளையின் படிப்பு தடைபட வேண்டாம்.