வீட்டுக் கேமராவை யார் பார்க்கிறார்கள்?

தெங்கேராவிலும் சுற்றியுள்ள தாமான்களிலும் கேமரா பொருத்திய வீடுகள் பெருகிவிட்டன. பிள்ளைகளுக்குச் சிங்கப்பூரில் வேலை, பாட்டி வீட்டில் தனியாக. நூறு வெள்ளிக்குள் ஒரு கேமரா வாங்கி வைத்தால் கைப்பேசியிலேயே பார்த்துக்கொள்ளலாம். நாம் பார்ப்பது போல் வேறு எவரும் பார்க்க முடியுமா?

முடியும். 2020 அக்டோபரில், சிங்கப்பூர் வீடுகளின் கேமராக்களிலிருந்து திருடப்பட்ட காட்சிகள் ஆபாசத் தளங்களில் வெளிவந்தன. அத்தகைய காட்சிகளை விற்ற கும்பல், 50,000-க்கும் மேற்பட்ட கேமராக்களுக்குள் தன்னால் நுழைய முடியும் என்று கூறிக்கொண்டது.

வீட்டினுள் இருக்கும் கேமராவை வெளியிலிருந்து நேரே எட்ட முடியாது. நடுவே ரௌட்டர் வாசற்கதவாக நிற்கிறது. ஆனால் பல ரௌட்டர்களில் 'யுபிஎன்பி' என்றொரு வசதி உண்டு. கேமரா கேட்டவுடன், வீட்டுக்காரரைக் கேட்காமலேயே அது கதவைத் திறந்துவிடும். இப்படித் திறந்து கிடப்பவற்றைத் தேடிப் பட்டியலிட, 2009-இல் தொடங்கிய ஷோடான் போன்ற தேடுபொறிகள் இருக்கின்றன. அதன்பின் தடை கடவுச்சொல் ஒன்றுதான். அதுவும் தொழிற்சாலையில் வைத்த 'அட்மின்', '12345' என்றால்? 2016-இல் மிராய் என்ற தீநிரல், ஏறத்தாழ 60 பெயர், கடவுச்சொல் இணைகளைக் கொண்டே கேமராக்கள் உள்ளிட்ட இலட்சக்கணக்கான கருவிகளைப் பிடித்தது.

ஆகவே கடவுச்சொல்லை முதலில் மாற்றுங்கள். வேறெங்கும் பயன்படுத்தாததாக, நீண்டதாக இருக்கட்டும். ரௌட்டரில் யுபிஎன்பி வசதியை அடைத்துவிடுங்கள். செயலி வழி பார்க்கும் கேமராக்கள் பெரும்பாலும் நிறுவனத்தின் சேவையகம் வழியே இயங்குவதால், அதனால் நட்டமில்லை. அங்கே உங்கள் கணக்கே சாவி. இரண்டடுக்குச் சரிபார்ப்பு இருந்தால் அதையும் இயக்குங்கள்.

கடவுச்சொல் மட்டும் போதாது. டிரெண்ட்நெட் கேமராக்களில் இருந்த மென்பொருள் குறையால், கடவுச்சொல் வைத்தவர்களின் வீடுகளும் வெளியே தெரிந்தன. 2012 ஜனவரியில் ஏறக்குறைய 700 கேமராக்களின் நேரலை இணையத்தில் பரவியது; தொட்டிலில் தூங்கிய குழந்தைகளும் அதில் தெரிந்தனர். மென்பொருளைப் புதுப்பிக்கச் சொல்லிச் செயலி கேட்கும்போது தள்ளிப்போடாதீர்கள்.

நம்மவர்கள் கவனிக்காத ஒன்று உண்டு. கேமரா பொருத்த வந்தவரே தம் மின்னஞ்சலில் கணக்குத் திறந்து கொடுத்துவிட்டுப் போவார். அவர் நல்லவராகவே இருக்கலாம், ஆனாலும் சாவி அவரிடம்தான் இருக்கிறது. கேமராவைத் தொடக்க நிலைக்கு மீட்டு, உங்கள் பெயரிலேயே பதிந்துகொள்ளுங்கள்.

படுக்கையறையில் கேமராவே வேண்டாம் என்பது என் கருத்து. வாசலை நோக்கி வைத்தால் போதும். சந்தேகம் எழுந்தால் மின்இணைப்பைப் பிடுங்கிவிட்டு, சைபர்செக்குரிட்டி மலேசியாவின் 'சைபர்999' சேவையில் புகார் செய்யலாம்.