யோசேப்பு என்னும் பெயர்: சொல்லும் பொருளும் தமிழ் வடிவங்களும்

முன்னுரை

பாலாற்றை அடுத்த செங்கல்பட்டும் அதன் கிழக்கே அமைந்த மாமல்லபுரக் கடற்கரையும் பெயராய்வு செய்வார்க்குப் பல கருவிகளை நல்கும் நிலப்பகுதியாகும். செங்கழுநீர்ப்பட்டு என்பதே செங்கல்பட்டு என மருவிற்று என்பர். மாமல்லன் என்பது பல்லவ வேந்தன் முதலாம் நரசிம்மவர்மனது பட்டப்பெயர். அஃது ஊர்ப்பெயராய் நிலைத்து, மக்கள் உள்ளத்தே அதன் பொருள் மங்கிய காலத்து, மாவலியின் கதையோடு இயைந்து மகாபலிபுரம் எனவும் வழங்கலாயிற்று. முன்னையது ஒலி திரிந்த பெயர்; பின்னையது ஒலியோடு பொருளும் திரிந்த பெயர்.

ஊர்ப்பெயர்க்கு உற்ற இவ்விரு நிலைகளும் மக்கட்பெயர்க்கும் உண்டு. அதனைக் காட்டவல்லதோர் எபிரேயப் பெயர் இந்நிலப்பகுதியில் நாள்தோறும் வழங்குகின்றது. 2002ஆம் ஆண்டில் நிறுவப்பெற்ற செங்கல்பட்டுக் கத்தோலிக்க மறைமாவட்டத்தின் தலைமைக் கோயில் சூசையப்பர் பெயரால் விளங்குவது. மாமல்லபுரத்திற்கு வடக்கே உள்ள கோவளத்தில் கார்மேல் அன்னை கோயிலும் தமீம் அன்சாரி தர்காவும் ஒரே ஊரில் உள்ளன. இத்தகைய ஊர்களில் சூசை என்பாரும் யூசுப் என்பாரும் அண்டை வீட்டினராய் வாழ்தல் இயல்பு. சீர்திருத்தச் சபையார் யோசேப்பு என்பர். பள்ளிப் பதிவேட்டில் ஜோசப் என்றிருக்கும். தமிழ்ப் பற்றுடையார் தம் மைந்தர்க்கு வளன் என்று பெயரிடுவர். இவை அனைத்தும் ஒரே பெயர் என்பதைப் பலர் அறியார். திருமுழுக்குப் பதிவேட்டில் ஒரு வடிவமும் நில ஆவணத்தில் மற்றொரு வடிவமும் காணப்படுங்கால், ஒருவரே இருவராகத் தோன்றி வழக்கிற்கும் இடம் உண்டாகும். ஆகவே இப்பெயரின் பிறப்பையும், பொருளையும், தமிழில் அஃது எய்திய வடிவங்களையும் ஆராய்தல் இக்கட்டுரையின் நோக்கமாகும்.

எபிரேயச் சொல்லமைப்பு

எபிரேயம் செமித்திய மொழிக் குடும்பத்தைச் சார்ந்தது. அரபும் அரமேயமும் அதன் உறவுமொழிகள். இம்மொழிகளில் வினைப்பகுதி பெரும்பாலும் மூன்று மெய்களால் இயலும். உயிர்கள் அம்மெய்களினிடையே மாறி மாறி நின்று இடம், காலம் முதலியவற்றை உணர்த்தும். யோசேப்பு என்னும் பெயரின் பகுதி யோத், சாமேக், பே என்னும் மூன்று எழுத்துகளால் ஆயது. கூட்டுதல், மேலும் சேர்த்தல் என்பன அதன் பொருள்.

யோசேப் என்பது பெயர்ச்சொல்லாய்ப் பிறந்ததன்று; அது படர்க்கை ஆண்பால் ஒருமை வினைமுற்று. 'சேர்ப்பான்' என்னும் எதிர்காலப் பொருளையும் 'சேர்ப்பானாக' என்னும் வேண்டற் பொருளையும் அது தரும். நம் இலக்கண மரபில் வைத்துக் கூறின், எழுவாய் தோன்றாது நிற்கும் வியங்கோள் வினைமுற்று என்னலாம். அத் தோன்றா எழுவாய் யாது? இறைவனே என்பது எபிரேயப் பெயர் மரபால் விளங்கும். எஸ்ரா நூலின் 8ஆம் அதிகாரத்தில் யொசிபியா என்றொரு பெயர் காணப்படுகின்றது. இதே வினையின் இறுதியில் இறைப்பெயரின் குறுக்கமாகிய 'யா' என்பது வெளிப்பட நிற்றலை அதன்கண் காணலாம். 81ஆம் திருப்பாடலில் யோசேப்பின் பெயரே 'யெகோசேப்' என நீண்டு நிற்கின்றது. ஆகவே இறைவன் சேர்ப்பானாக என்னும் முழுத்தொடர் குறுகி, வினை மட்டும் நின்று பெயராயிற்று என்று கொள்ளுதல் பொருந்தும்.

பெயரிட்ட தாயின் இருவகை விளக்கம்

விவிலியத்தின் முதல் நூலில், 30ஆம் அதிகாரத்தில், இப்பெயர் தோன்றிய வரலாறு கூறப்படுகின்றது. யாக்கோபின் மனைவியருள் ராகேல் நெடுங்காலம் மகப்பேறின்றி வருந்தினாள். தமக்கையாகிய லேயாளோ பல மக்களைப் பெற்றாள். பின்னர் ராகேல் ஒரு மகனைப் பெற்றபோது, தன் இழிவை இறைவன் நீக்கினான் என்றாள். இன்னும் ஒரு மகனை அவன் தனக்குச் சேர்த்தருள்க என வேண்டி, யோசேப்பு என்று பெயரிட்டாள்.

ஈண்டு ஒரு நுட்பம் உளது. நீக்குதல் எனப் பொருள்படும் எபிரேய வினை 'ஆசாப்' என்பது. அதன் முதலெழுத்து ஆலெப். சேர்த்தல் எனப் பொருள்படும் வினையின் முதலெழுத்து யோத். எஞ்சிய இரு மெய்களும் இரண்டிற்கும் ஒன்றே. ஆகவே நீக்கினான் என்பதும் சேர்க்க என்பதும் எபிரேயச் செவிக்கு எதிரொலி போல அமைகின்றன. மொழிநூல் முறையால் நோக்கின், பெயரின் உண்மைப் பகுதி சேர்த்தற் பொருளுடையதே. நீக்கற் பொருள் ஒலியொப்புமையால் வந்தது. எனினும் அதனைப் பிழை என்று தள்ளுதல் தகாது. கழிந்த துயர்க்கு நன்றியும் வரும் நலத்திற்கு வேண்டுதலும் ஆகிய இரண்டையும் ஒரு சொல்லில் அடக்குதலே நூலாசிரியர் கருத்து என்க.

இவ்வேண்டுதல் நிறைவேறிய முறை நெஞ்சை உருக்குவது. அதே நூலின் 35ஆம் அதிகாரத்தில், ராகேல் இரண்டாம் மகனைப் பெறுங்கால் உயிர் துறக்கின்றாள். இறக்கும் நிலையில் அம்மகனுக்குப் பெனோனி, அஃதாவது என் துயரின் மகன், என்று பெயரிடுகின்றாள். தந்தை அதனை மாற்றிப் பென்யமீன் என்கின்றான். 'இன்னும் ஒன்று' எனக் கேட்ட தாய் அவ்வொன்றைப் பெற்று மாய்ந்தாள். எனவே யோசேப்பு என்பது செல்வம் உடையார் அதனைப் பறைசாற்றிய பெயரன்று. இன்மையில் நின்றாள் ஒருத்தி கைந்நீட்டிக் கேட்ட பெயர். இவ்வேறுபாடு பின்னர்த் தமிழ்ப் பெயரை ஆராயுங்கால் நினைவிற் கொள்ளத்தக்கது.

தமிழ்ப் பெயர் மரபில் ஒப்புமை

வேண்டுதலையே பெயராக இடும் வழக்கம் நமக்குப் புதியதன்று. பெண் மக்களே தொடர்ந்து பிறந்த இல்லத்தில், இனிப் பெண் பிறவாமை வேண்டிப் போதும்பொண்ணு எனப் பெயரிடுதல் சிற்றூர்களில் உண்டு. ராகேல் 'சேர்க்க' என்றாள்; நம் தாயர் 'போதும்' என்றனர். விழைவு மாறினும் பெயரிடும் முறை ஒன்றே. பிறந்த மக்கள் இறந்துபட, அடுத்த மகவேனும் நிலைக்க வேண்டிக் குப்பையில் இட்டெடுத்துக் குப்பன் என்றும், பிறரிடம் இரந்து பெற்றதாகப் பாவித்துப் பிச்சை என்றும் பெயரிட்டமையும் இவ்வினத்ததே. இவற்றை இழிபெயர் என்று கருதுவோர் அவற்றின் அடியில் உள்ள தாயின் அச்சத்தை அறியாதவராவர்.

வினையினின்று பெயர் அமைதலும் நம்பால் உண்டு. ஆளவந்தார், வாழவந்தான் என்பன காண்க. மாமல்லபுரக் கடற்கரையிலுள்ள நெம்மேலியில் ஆளவந்தார் நாயகர் பெயரால் அமைந்த அறக்கட்டளையை இப்பகுதியார் நன்கறிவர். ஆயின் இவை வினையாலணையும் பெயர்கள். எபிரேயத்திலோ வினைமுற்றே திரிபின்றிப் பெயராய் நிற்கின்றது. ஒப்புமையோடு இவ்வேற்றுமையும் குறிக்கத்தக்கது.

ஒலி வழி வந்த வடிவங்கள்

தமிழில் வழங்கும் வடிவங்களுள் பெரும்பாலன ஒலியைத் தழுவியவை. அவற்றின் ஒலியே அவை வந்த வழியைக் காட்டிவிடும்.

யோசேப்பு என்பது எபிரேயம், கிரேக்கம் ஆகிய மூலங்களை ஒட்டியது. ஈற்றில் நின்ற வல்லின மெய் தமிழில் தனித்து நில்லாமையின், இரட்டித்துக் குற்றியலுகரம் பெற்றது. 1715இல் தரங்கம்பாடியில் புதிய ஏற்பாட்டைத் தமிழில் முழுமையாக அச்சிட்ட சீகன்பால்கு முதலியோர் மூலமொழிகளை நோக்கி மொழிபெயர்த்த மரபினர். அம்மரபில் இவ்வடிவம் நிலைபெற்றது. மலையாளத்து ஔசேப்பு என்பது சிரிய மொழி வழியே வந்தது. யூசுப் என்பது அரபு வடிவம். திருக்குர்ஆனின் 12ஆம் அதிகாரம் இப்பெயரே உடையது. யாக்கோபின் மகனாகிய யோசேப்பின் வரலாற்றை 111 வசனங்களில் அது கூறும். ஜோசப் என்பது ஆங்கில வழி வந்தது.

சூசை என்பதே ஆய்வாளரைப் பெரிதும் மயக்குவது. ஒலியொப்புமை ஒன்றையே பற்றி இதனைச் சூசனை, சூசகம் முதலிய சொற்களோடு இணைத்தல் பிழையாம். போர்த்துக்கீசியர் யோசேப்பை 'ழுசே' என்பதனோடு ஒத்த ஒலியால் அழைப்பர். முதலெழுத்து ஆங்கில ஜகரத்தினும் மென்மையானது. எழுத்தில் ஒகரம் இருப்பினும் அழுத்தமின்மையால் அஃது உகரம் போல ஒலிக்கும். இவ்வொலிகள் தமிழில் எவ்வாறு திரியும் என்பதற்கு நாம் வீட்டில் வழங்கும் சொற்களே சான்றாகின்றன. அம்மொழியின் 'ழனேலா' நமக்குச் சன்னல் ஆயிற்று; ஆகவே அம்முதலொலி சகரமாதல் காண்க. 'கொசீஞ' என எழுதப்படுவது குசினி ஆயிற்று; ஆகவே அழுத்தமில்லா ஒகரம் உகரமாதலும், இடைநின்ற ஒலிப்புடைச் சகரம் தமிழ்ச் சகரமாதலும் காண்க. 'மேசா' என்பது மேசை ஆயிற்று. ஆகவே ஈற்றுயிர் ஐகாரமாதல் காண்க. இம்மூன்று விதிகளும் கூடியவழி, சூசை என்னும் வடிவம் தானே பிறக்கின்றது. குறில் எகரம் மொழிக்கு ஈறாகாமையும் ஐகாரத்திற்குத் துணையாயிற்று.

இதனால் பெறப்படுவது யாது? சூசை என்பது சிதைவன்று. விதிவழி அமைந்த தமிழாக்கம். ஏட்டைப் பார்த்து எழுதியதன்று. செவியாற் கேட்டு நாவாற் பழகியது. 16ஆம் நூற்றாண்டில் முத்துக்குளித்துறையிலும் சாந்தோமிலும் போர்த்துக்கீசியரோடு பழகிய கடற்கரை மக்களின் வரலாறு இவ்விரண்டெழுத்தில் பதிந்துள்ளது.

பொருள் வழி வந்த வடிவம்

ஏனைய வடிவங்கள் ஒலியைக் கொணர, வளன் என்பது பொருளைக் கொணர்ந்தது. இதனைக் காப்பியத்தில் நிலைபெறச் செய்தவர் வீரமாமுனிவர். 1726இல் நிறைவுற்ற அவரது தேம்பாவணி 3 காண்டமும் 36 படலமும் 3615 பாடலும் உடையது. அதன் தலைவன் யாக்கோபின் மகனல்லன். அவன் பெயரையே பெற்றவரும், பல நூற்றாண்டு பிற்பட்டவரும், மரியாளின் கணவருமாகிய யோசேப்பு. முனிவரின் இயற்பெயரில் கான்ஸ்தான்சோ என்பதனை அடுத்து இத்தாலிய வடிவமாகிய ஜுசேப்பே என்பதும் உண்டு. முதற்பெயரின் பொருளாகிய உறுதியைக் கொண்டு தைரியநாதர் எனத் தம்மை அழைத்துக்கொண்ட அவர், மற்றைப் பெயரைத் தம் காப்பியத் தலைவனிடத்தே தமிழாக்கிக் கண்டார் என்னலாம்.

சொல்லமைப்பாலும் வளன் சிறந்தது. நிலம் நிலன் எனவும், அறம் அறன் எனவும் வருதல் போல, வளம் என்பது கடைப்போலியால் வளன் ஆகும். அந்நிலையில் அஃது அஃறிணைப் பண்புப்பெயர். ஆண்மகன் பெயராகக் கொள்ளுங்கால், ஈற்றில் நின்ற 'அன்' ஆண்பால் விகுதியாகவும் தோன்றும். வளமும் அவனே, வளமுடையானும் அவனே என இருநிலையும் ஒரு சொல்லில் இயைந்தமை அறிந்து மகிழற்பாலது.

இனி, இம்மொழிபெயர்ப்பு மூலத்தை முற்றும் தழுவியதோ எனின், அன்று என்றே கூறல் வேண்டும். சேர்க்க என்னும் வேண்டல் வினை, வளம் என்னும் நிறைவுப் பெயராயிற்று. கேட்டல் மறைந்து பெறுதல் நின்றது. ராகேலின் இன்மை வளன் என்னும் சொல்லில் ஒலிப்பதில்லை. ஆயினும் முனிவர் மரபு கடந்தாரல்லர். அம்முதல் நூலின் 49ஆம் அதிகாரத்தில், யாக்கோபு தன் மக்களை வாழ்த்துங்கால் யோசேப்பை நீரூற்றின் அருகே கனிதரும் கொடிக்கு ஒப்பிடுகின்றான். வளப்பொருள் ஆண்டே முளைத்துள்ளது. மேலும் லூக்கா நற்செய்தியில், மரியாளும் யோசேப்பும் கோயிலுக்குக் கொணர்ந்த காணிக்கை இரு பறவைகள். ஆட்டுக்குட்டி கொடுக்க இயலா வறியோர்க்கு விதிக்கப்பட்டது அது. அத்தகைய தச்சரை வளன் என்றழைத்தமையால், வளம் என்பது பொருட்செல்வத்தைக் குறியாது அருட்செல்வத்தைக் குறித்தது. மூலத்தில் இல்லாத ஆழம் ஒன்றைத் தமிழ்ப்பெயர் இவ்வாறு எய்திற்று.

தாம் பிறந்த நாட்டின் பெயரை விட்டு, சென்ற நாட்டின் மொழியில் பெயர் பெறுதல் யோசேப்பின் கதையிலேயே உளது என்பதும் ஈண்டு நினைக்கத்தக்கது. எகிப்து வேந்தன் அவனுக்குச் சாப்நாத்பன்னேயா எனப் பெயரிட்டான் என 41ஆம் அதிகாரம் கூறும். அவ்வரசவைப் பெயர் ஏட்டளவில் நின்றது. தமிழ் தந்த பெயரோ மக்கள் வாழ்வில் கலந்தது.

இன்றைய வழக்கும் முடிவும்

1995இல் வெளிவந்த பொது மொழிபெயர்ப்பு, கத்தோலிக்கரும் சீர்திருத்தச் சபையாரும் ஒருங்கே பயிலுமாறு யோசேப்பு என்னும் வடிவத்தை மேற்கொண்டது. அதனால் கத்தோலிக்க இல்லங்களில் மறைநூல் வாசகத்தில் யோசேப்பும், வேண்டுதலில் சூசையப்பரும், கல்வி நிலையப் பெயரில் வளனாரும் வழங்கும் நிலை உண்டாயிற்று. 1844இல் நாகப்பட்டினத்தில் தொடங்கி 1883இல் திருச்சிராப்பள்ளிக்கு மாறிய கல்லூரி, தமிழில் தூய வளனார் கல்லூரி எனப்படுதல் யாவரும் அறிந்ததே.

இவ்வடிவங்களுள் எது சரி என்னும் வினா எழுமாயின், அவ்வினாவே பொருந்தாதது என்க. யோசேப்பு மூலநூலின் சான்று. யூசுப் அரபு உறவின் சான்று. சூசை கடல்வழி வந்த உறவின் சான்று. வளன் தமிழ்ப் புலமையின் சான்று. ஒன்றை நிறுத்தற்பொருட்டு ஏனையவற்றைத் திருத்தின் ஒரு வரலாற்றுச் சான்று அழியும். இந்நாளில் பழைய பதிவேடுகளைப் பெயர்த்தெழுதுவோர் சூசை என்றிருப்பதை ஜோசப் என மாற்றி எழுதாது, உள்ளவாறே எழுதுதல் கடன். கோவளம் முதலாகத் தெற்கே செல்லும் கடற்கரையூர்களின் பெயர் வடிவங்களை முதியோர் உள்ளபோதே தொகுத்தல் ஆய்வு மாணவர்க்கு உரிய பணியாகும்.

மகவு வேண்டி வாடிய தாயொருத்தி 'இன்னும் சேர்த்தருள்க' என்று கூறிய ஒரு வினைமுற்று, பல மொழிகளைக் கடந்து இக்கடற்கரைக்கு வந்து நால்வகைப் பெயராய் நிலவுகின்றது. 'சேர்க்க' என்னும் பொருளுடைய பெயர் சென்றவிடமெல்லாம் புதிய வடிவங்களைத் தன்னொடு சேர்த்துக்கொண்டமை அப்பெயர்க்கு மிகவும் பொருந்துவதேயாம்.