இரண்டு கிராமும் புதுக்கடைப் பயணமும்

இரண்டு கிராம் என்பது தேக்கரண்டிச் சீனியில் பாதி. அந்த எடையில் தூய ஹெரோயின் வைத்திருந்தார் என்று மட்டக்களப்பு மேல் நீதிமன்றத்தில் நிரூபணமானால், நீதிபதி முன்னால் இருப்பவை இரண்டே: மரண தண்டனை, அல்லது ஆயுட்காலச் சிறை. 1929ஆம் ஆண்டின் நச்சு, அபின், அபாயகர ஔடதங்கள் கட்டளைச் சட்டத்துக்கு 1984இல் வந்த திருத்தம் கிழித்த கோடு இது. 2022இன் 41ஆம் இலக்கத் திருத்தச் சட்டம் ‘ஐஸ்’ போதைப்பொருளுக்கு அதே கோட்டை 5 கிராமில் கிழித்தது. தூக்குக்குப் பேர்போன சிங்கப்பூரில்கூட ஹெரோயினுக்கு எல்லை 15 கிராம்.

தீர்ப்பு வாசித்த கையோடு நீதிமன்ற விறாந்தையில் உறவுக்காரர் கேட்பது ஒன்றைத்தான்: “அப்பீல் போட்டால் குறைப்பாங்கதானே?” சில வேளை குறைப்பார்கள். ஆனால் எதைக் குறைக்கலாம், எதில் கை வைக்கவே முடியாது என்பதை அந்த நேரத்தில் விளக்கிச் சொல்ல ஆள் கிடைப்பதில்லை.

சிறிய அளவு கஞ்சா, தூள் என்று நீதவான் நீதிமன்றத்தோடு நிற்கும் வழக்கானால் மேன்முறையீடு மட்டக்களப்பிலேயே, மாகாண மேல் நீதிமன்றத்தில் நடக்கும். மேல் நீதிமன்றமே விசாரித்துத் தண்டித்த வழக்கு கொழும்புப் புதுக்கடையிலுள்ள மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்குப் போகும். மனுப் போட 14 நாள். வாவியில் வலை வீசிப் பிழைக்கும் குடும்பம் அந்த இரண்டு கிழமைக்குள் காசு புரட்ட வேண்டும், கொழும்பில் சட்டத்தரணி பிடிக்க வேண்டும்.

புதுக்கடையில் “பிள்ளை குட்டிக்காரன், முதல் குற்றம்” என்ற வேண்டுகோளுக்கு இரண்டு கிராம் வழக்கில் அதிகம் இடமில்லை. சட்டம் அதற்குப் படி வைக்கவில்லை. அங்கே உண்மையில் விசாரணைக்கு வருவது பொட்டலத்தின் பயணம். யார் பிடித்தார், எங்கே நிறுத்தார், எப்படி முத்திரையிட்டார், பொலிஸ் நிலையத்தில் யார் கையில் கொடுத்தார், அது பெலவத்தையிலுள்ள அரச பகுப்பாய்வாளர் திணைக்களத்துக்குப் போய்ச் சேரும்வரை யார் யார் கையில் இருந்தது? சில வழக்குகளில் நிறுத்தது அடகுக் கடைத் தராசில். இந்தச் சங்கிலியில் ஒரு கண்ணி விட்டுப்போனால் குறைவது தண்டனை அல்ல, தீர்ப்பே விழுந்துவிடும். ஆகவே மேன்முறையீட்டில் பெரிய சண்டையெல்லாம் குற்றவாளியா இல்லையா என்பதில்தான். தண்டனைக் குறைப்பு அதன் பின்னால் வரும் சின்ன வேண்டுகோள்.

அடுத்தது தூய எடை. பிடிபட்ட தூள் பத்து கிராம் இருக்கலாம். அதில் ஹெரோயின் எவ்வளவு என்பதைப் பகுப்பாய்வு அறிக்கைதான் சொல்லும். நம் நாட்டில் கணக்கு அந்தத் தூய எடைக்கே. இந்தியாவில் இது பெரிய வழக்காகவே நடந்தது. நாலு கிலோவுக்கு மேல் பிடிபட்டும் தூய்மை ஒன்றரை வீதம் அளவில் இருந்ததால், ஹெரோயின் ஏறத்தாழ 60 கிராம்தான் என்று கணக்கிட்டு, 2008இல் இந்திய உச்ச நீதிமன்றம் 10 ஆண்டுத் தண்டனையை 6 ஆண்டாக்கியது. 2020இல் ஹீரா சிங் வழக்கில் அதே நீதிமன்றம் அந்தக் கணக்கைப் புரட்டி, கலப்படத்தையும் சேர்த்தே நிறுக்க வேண்டும் என்றது. இந்த ஒரு விடயத்தில் நம் முறை நியாயமானது என்பேன்.

இரண்டு கிராம் வழக்கில் குறைப்பு என்றால் மரணம் ஆயுளாக மாறுவதுதான். அது பெரிய ஆறுதலா? 1976 ஜூன் 23க்குப் பிறகு இலங்கையில் யாரும் தூக்கிலிடப்படவில்லை. அதை நம்பி இருந்தவர்களுக்கு 2019இல் வயிறு கலங்கியது. போதைப்பொருள் கைதிகள் நால்வரின் மரண உத்தரவில் ஜனாதிபதி மைத்திரிபால சிறிசேன கையெழுத்திட்டார். உயர் நீதிமன்றம் இடைக்காலத் தடை போட்டது. காகிதத்தில் இருக்கும் தூக்கு எந்த ஜனாதிபதி கையிலும் மறுபடி எழும்பலாம். ஆகவே அந்த மாற்றத்துக்குப் பெறுமதி உண்டு.

எனக்குக் குறையாகத் தெரிவது வேறு. சில ஆயிரம் ரூபாவுக்குப் பொதி சுமந்தவனும், கடலில் கிலோக் கணக்கில் இறக்கியவனும் ஒரே இரண்டு தண்டனைகளுக்குள் அடைபடுகிறார்கள். ஏணி இரண்டு கிராமில் முடிந்துவிடுகிறது. மலேசியாவும் ஒரு காலத்தில் இதைவிடக் கடுமையாக, தூக்கு ஒன்றைத்தான் வைத்திருந்தது. 2023 ஜூலை 4 முதல் கட்டாய மரண தண்டனையை நீக்கி, ஏற்கெனவே தீர்ப்புப் பெற்றவர்களின் தண்டனையையும் கூட்டரசு நீதிமன்றம் மறுபடி பார்க்க வழி செய்தது. அங்கே ஆயுள் என்றால் 30 ஆண்டு. எண்ணிப் பார்க்க ஓர் எண்ணாவது உண்டு.

இரண்டு கிராமுக்குக் கீழ் ஆண்டுக் கணக்கில் தண்டனை பெற்றவர்களுக்கே புதுக்கடை உண்மையில் கை கொடுக்கும். ஆனால் தண்டனையை எதிர்த்துப் போனால் அந்த நீதிமன்றத்துக்குக் கூட்டவும் அதிகாரம் உண்டு. குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டத்தின் 336ஆம் பிரிவு அது. குறைக்கக் கேட்டுப் போய்க் கூட்டி வாங்கி வரவும் கூடும் என்பதை மனுப் போட முன்னரே கட்சிக்காரருக்குச் சொல்ல வேண்டும். இன்னொன்றும் உண்டு: மேன்முறையீடு முடியும்வரை உள்ளே இருந்த காலம், நீதிமன்றம் வேறுவிதமாகப் பணித்தாலொழிய, தண்டனைக் கணக்கில் சேராது. அதனால் தண்டனை தீர்ப்பு நாளிலிருந்தே ஓட வேண்டும் என்ற கோரிக்கையை வாதத்தில் விடாமல் வைக்க வேண்டும். வருடக்கணக்கில் இழுபட்ட வழக்கில் அந்த ஒரு வரி உத்தரவு, தண்டனையைக் குறைக்காமலே வீடு திரும்பும் நாளை முன்னால் கொண்டுவந்துவிடும்.