உரையிலிருந்து வரைபடத்திற்கு: கடல்கொண்ட நாற்பத்தொன்பது நாடுகளும் அவற்றின் கரைக்கோடும்

எவரும் காணாத நிலமொன்றைச் சொற்களை மட்டுமே துணையாகக் கொண்டு தாளில் வரைந்த முயற்சிக்குக் குமரிக்கண்ட வரைபடங்கள் தமிழாய்வில் தலையாய சான்று. மு. சி. பூரணலிங்கம் பிள்ளை 1927இல் ஒன்றை வெளியிட்டார். புலவர் குழந்தையின் வரைபடம் 1946இல் வந்தது. இவற்றின் பண்பாட்டு, அரசியல் பின்புலத்தைச் சுமதி இராமசாமி 2004ஆம் ஆண்டு நூலில் விரிவாக ஆராய்ந்துள்ளார். இக்கட்டுரையின் வினா அதனினும் குறுகியது: வரைபடத்தில் உள்ளவற்றுள் உரையாசிரியர் தந்தவை எவை, வரைந்தவர் சேர்த்தவை எவை?

கடல் நிலத்தைக் கொண்ட செய்தி பழையது. சிலப்பதிகாரக் காடுகாண் காதை பஃறுளியாறும் குமரிக்கோடும் கடலுள் மறைந்ததைக் கூறுகிறது. முல்லைக்கலிப் பாடலொன்று நிலம் இழந்த பாண்டியனைக் குறிக்கிறது. இறையனார் களவியலுரை கபாடபுரத்தையும் கடல்கோளையும் சங்க வரலாற்றோடு இணைக்கிறது. இவற்றுள் எதிலும் பரப்பளவு இல்லை. அளவும் நாட்டுப்பெயர் வரிசையும் சிலம்பின் வேனிற்காதைக்கு அடியார்க்குநல்லார் எழுதிய உரையில்தான் விளக்கமாகக் கிடைக்கின்றன. பஃறுளிக்கும் குமரியாற்றுக்கும் இடையே எழுநூறு காவதம் என்றும், அங்கே தெங்கநாடு முதல் குறும்பனைநாடு வரை ஏழு வகையில் வகைக்கு ஏழாக நாற்பத்தொன்பது நாடுகள் இருந்தன என்றும் அவர் எழுதுகிறார்.

முதலில் அளவைக் காண்போம். காவதத்தைப் பத்து மைல் எனக் கொள்ளும் பொதுவழக்கின்படி எழுநூறு காவதம் 7,000 மைல், அதாவது ஏறத்தாழ 11,260 கிலோமீட்டர். இன்றைய கன்னியாகுமரியிலிருந்து தென்துருவம் வரையுள்ள தொலைவே ஏறத்தாழ 10,900 கிலோமீட்டர்தான். நேர்தெற்காக அளந்தால் பஃறுளியாறு துருவத்துக்கும் அப்பால் சென்றுவிடும்! காவதத்தைப் பாதியாகக் குறைத்து ஐந்து மைல் என்றாலும், அத்தொலைவு இராமநாதபுரத்திலிருந்து இமயமலை வரையுள்ள தொலைவைப்போல் இருமடங்கினும் மிகுதி. எனவே அவ்வெண்ணை அளவுகோலோடு தாளில் ஏற்ற இயலாது; வரைந்தோர் அனைவரும் சொல்லாமலே அதைச் சுருக்கியிருக்கின்றனர். எழுநூறு, ஏழு வகை, ஏழேழு நாற்பத்தொன்பது என ஏழின் மடங்காகவே எண்கள் அமைவதை நோக்க, ஏழ்கடல், ஏழ்பொழில் எனும் எண்வழக்கைச் சார்ந்தே உரையாசிரியர் பேசினார் எனக் கொள்வதே பொருத்தம். அளந்து கூறியவர் என அவரைக் கொள்வது அவருக்கும் நீதியன்று.

பெயர்கள் இதைவிடச் சுவையானவை. தெங்கம், காரை, குறும்பனை என்பன மரஞ்செடிகளின் பெயர்கள். குன்றமும் பாலையும் நிலத்தின் இயல்பைக் குறிப்பன. மதுரைநாடு ஒன்றே நகரத்தால் பெயர் பெற்றது. திசையைக் காட்டும் சொற்கள் மிகச் சில: முன்பாலை, பின்பாலை, குணகாரை. முன் என்றால் எங்கு நிற்பவனுக்கு முன்? குணகாரை உண்டு, குடகாரை இல்லை. எந்த நாடு எதன் எல்லை என்ற குறிப்பும் இல்லை. இவ்வகையில் இது திணைப் பாகுபாட்டுக்கு நெருங்கிய பட்டியல். நிலம் எதனால் அறியப்பட்டது என்பதைச் சொல்வது. வரைபடத்திற்கு வேண்டிய இருப்பிடமும் வடிவும் இதில் இல்லை.

அவ்வாறாயின் கரைக்கோடு எங்கிருந்து வந்தது? உயிரியலார் பிலிப் இசுக்லேட்டர் 1864இல் மடகாசுகரிலும் இந்தியாவிலும் காணப்படும் விலங்கு ஒற்றுமையை விளக்க இலெமூரியா என்னும் நிலத்தைக் கருதுகோளாக முன்வைத்தார். எர்ணசுட்டு எக்கல் அதனை மாந்தத் தோற்றத்தோடு இணைத்தார். ஆப்பிரிக்காவை நோக்கி விரியும் அப்பெருநிலமே தமிழ் வரைபடங்களின் புறக்கோடு. பின்னர்க் கண்டப்பெயர்ச்சிக் கொள்கை நிலைபெற்றபோது அறிவியலுக்கு அக்கருதுகோள் தேவையற்றதாயிற்று. குமரிக்கண்டம் என்ற பெயரும் அடியார்க்குநல்லாருடையதன்று. அது கந்தபுராண அண்டகோசப் படலத்தில் வருவது. அங்கே அது பரதகண்டத்தின் ஒன்பது பகுதிகளுள் ஒன்று, கடலில் மூழ்கியதன்று. ஆக, பெயர் புராணத்தினது, கோடு ஐரோப்பியரது, உள்ளே எழுதிய ஊரும் ஆறும் உரையினவை. இம்மூன்றும் ஒரே தாளில் சேர்ந்தபின் வரைபடத்தையே உரைக்குச் சான்றாகக் காட்டும் வழக்கம் தோன்றியது. அது சுற்றுவாதம்.

கடல்கோள் மரபே பொய் என்பது இதன் பொருளன்று. கடல் நிலத்தைக் கொள்வதை மன்னார் வளைகுடாவின் வடகரையில், புதுமடம் போன்ற ஊர்களில் வாழ்வோர் ஏட்டில் படித்து அறியவேண்டியதில்லை. ஏறத்தாழ 20,000 ஆண்டுகளுக்கு முன் கடல்மட்டம் இன்றினும் சுமார் 120 மீட்டர் தாழ்ந்திருந்தபோது, இக்கரைக்கும் ஈழத்துக்கும் இடையே இருந்தது நிலமே. 1964 திசம்பர்ப் புயலில் தனுசுகோடி ஒரே இரவில் அழிந்தது. இராமேசுவரத்துக்கும் தூத்துக்குடிக்கும் இடைப்பட்ட 21 தீவுகளுள் பூவரசன்பட்டி, விலாங்குசல்லி ஆகிய இரண்டும் நீரில் மூழ்கிவிட்டன. பவளப்பாறைகளை வெட்டியெடுத்ததும் அரிப்பும் அதற்குக் காரணங்களாகக் கூறப்படுகின்றன.

பூவரசன்பட்டி என்ற பெயரைக் கருதுக. புதுமடத்தை அடுத்த உச்சிப்புளியும் பனைக்குளமும்போல அதுவும் ஒரு மரத்தின் பெயரைத் தாங்கியது. மரமும் நிலமும் போயின. பெயர் தீவுப் பட்டியலில் நிற்கிறது. தெங்கநாடும் குறும்பனைநாடும் இத்தகைய கரையோரப் பெயரிடு முறையின் நினைவாக இருக்கக்கூடும் என்பது இக்கட்டுரையாளரின் கருத்து. அதைச் சோதிக்க வேண்டிய களம் இந்தியப் பெருங்கடலின் நடுப்பகுதியன்று. கீழக்கரை முதல் பாம்பன் வரையுள்ள ஊர், தீவு, திட்டு, பார் ஆகியவற்றின் பெயர்களே. அவற்றுள் பல இன்னும் முறையாகத் தொகுக்கப்படவில்லை. கடலோடும் முதியோர் வாய்ச்சொல்லிலேயே உள்ளன.